ஆமத்தூருக்கு ஒரு காற்று மெத்தை

"உள்ள வெடியா?" என்று கேட்டார் நடத்துனர்.

விருதுநகர் பேருந்து நிலையத்தில், சிவகாசி வண்டியின் படியில் ஒரு காலும் தரையில் ஒரு காலுமாக நின்றிருந்தேன். கையில் ஓர் அட்டைப் பெட்டி.

"மெத்தை."

"மெத்தையா? இம்புட்டுப் பெட்டியிலயா? தொறங்க பாப்பம்."

விமான நிலையத்தில் இதே பெட்டியைக் காட்டி, உள்ளே பேட்டரி இருக்கிறதா என்று கேட்டார்கள். இங்கே வெடி. ஊருக்கு ஒரு பயம். சிவகாசியிலிருந்துதானே வெடி வெளியே போகும், யாராவது வெளியிலிருந்து சிவகாசிக்கு வெடி கொண்டுபோவார்களா என்று கேட்டேன். "அதெல்லாம் எனக்குத் தெரியாது. ரூல்ஸ்" என்றார். ரூல்ஸ் என்று ஒருவர் சொன்ன பிறகு பேசிப் பயனில்லை. நான் வேலை பார்ப்பது சிங்கப்பூரில்.

பிரித்துக் காட்டினேன். மடித்த ரப்பர் மெத்தை, இரண்டு குழாய்கள், சிறிய மின்பம்பு. படுத்தே கிடப்பவர்களுக்கு முதுகில் புண் வராமலிருக்க, உள்ளே இருக்கும் காற்று அறைகள் மாறி மாறி ஊதும், வற்றும் என்று விளக்கினேன். நடத்துனருக்குச் சொன்னதை வண்டியே கேட்டது. பெட்டிக்கும் ஒரு டிக்கெட் கிழித்துக் கொடுத்துவிட்டு, "முன்னாடியே சொல்லியிருக்கலாம்ல" என்றார்.

வண்டி கிளம்பும் வரைக்குமான நேரத்தில் என்னைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். சொந்த ஊர் சென்னை. மதுரைக்குத் தெற்கே அதுவரை வந்ததில்லை. சிங்கப்பூரில் ஒரு மருத்துவமனையில் கருவிகளைப் பழுதுபார்க்கும் பொறியாளர். அதே மருத்துவமனையில் நர்ஸாக இருக்கும் செல்வி என் அறைத்தோழி, ஆமத்தூர்ப் பக்கத்துக்காரி. அவள் அம்மா சீனியம்மாள் பக்கவாதத்தில் விழுந்து பல மாதங்களாகப் படுக்கையில் இருந்தார். செல்விக்கு லீவு இல்லை, எனக்கு இருந்தது. மெத்தையைக் கொண்டுபோ, மாட்டு, வீட்டாருக்குச் சொல்லிக்கொடு. மூன்று வேலைகள். ஒரு நாள் போதும் என்று கணக்குப் போட்டிருந்தேன்.

பக்கத்து இருக்கையில் ஐம்பது வயதைத் தாண்டிய ஒரு பெண். விரல் நுனிகளில் காய்ந்த பசை.

"யாருக்குத் தாயி மெத்தை?"

சொன்னேன்.

"அட, நம்ம சீனியம்மாவுக்கா! நான் பக்கத்து வீடுதான். பொன்னுத்தாய்னு கேட்டாச் சொல்லுவாக. நீ எங்கூடவே எறங்கு." அதே மூச்சில், ஒரு நல்ல தையல் கடையைச் சிபாரிசு செய்வதுபோல, "எதுக்கு இம்புட்டு மெனக்கெடுறீக? தலைக்கு ஊத்திட்டா முடிஞ்சு போச்சு" என்றார்.

புரியவில்லை என்றேன். புரிய வைத்தார். இனி எழுந்து நடமாட மாட்டார் என்று வீட்டார் முடிவு செய்தால், ஒரு நாள் குறித்துச் சொந்தபந்தங்களைக் கூப்பிடுவார்கள். விடியற்காலையில் தலை நிறைய எண்ணெய் வைத்துக் குளிப்பாட்டி, இளநீர் கொடுப்பார்கள். குளிர்காய்ச்சல் காணும். பிறகு அதிக நாள் ஆகாது. இதைச் சொல்லும்போது அவர் குரல் தாழவில்லை. எனக்குத்தான் பேருந்தில் யாராவது கேட்கிறார்களா என்று திரும்பிப் பார்க்கத் தோன்றியது.

எல்லோரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

"அது கொலைம்மா" என்றார் முன் இருக்கை வெள்ளைச் சட்டைக்காரர். விருதுநகரில் மண்டி வைத்திருப்பவராம். "போலீசுக்குப் போனா உள்ள தூக்கி வச்சிருவான்."

"எந்தப் போலீசு? அவுக ஆத்தாவையும் அப்படித்தான் அனுப்பி வச்சிருப்பாக" என்றார் பொன்னுத்தாய். வண்டி சிரித்தது.

கம்பியைப் பிடித்து நின்ற கல்லூரி மாணவன், சில வெளிநாடுகளில் டாக்டரே ஊசி போட்டு அனுப்பிவிடுகிறாராமே, சட்டமே இருக்கிறதாமே என்றான். "ஒங்க சிங்கப்பூர்ல உண்டா?" என்று என்னைக் கேட்டான். இல்லை என்றதும் அவன் முகம் விழுந்துவிட்டது. சிங்கப்பூரிடம் இன்னும் எதிர்பார்த்திருந்தான்போல.

"ஊசின்னாச் சரி. அது சயின்ஸு" என்றார் மண்டிக்காரர். "எண்ணெய்தான் தப்பு."

ஒரு பஸ் நிறுத்தத்துக்கும் அடுத்ததுக்கும் நடுவில் கொலை சயின்ஸாகிவிட்டது. நான் ஜன்னலைப் பார்த்தேன். கருவேலங்காடு, வெயில், ஒதுக்குப்புறமாகத் தள்ளித் தள்ளிக் கட்டிய வெடி ஆலைக் கொட்டகைகள். இந்தச் சர்ச்சையில் இறங்கும் இடத்தைத் தவற விட்டிருப்பேன். "மெத்தை, எறங்கு!" என்று நடத்துனர் கத்தினார்.

செல்வியின் வீடு ஓர் அறையும் ஓர் அடுப்படியும். அறையில் ஒரு கயிற்றுக் கட்டில், அரசாங்கம் கொடுத்த கலர் டிவி, இரண்டுக்கும் நடுவில் மற்ற எல்லாம். கட்டிலில் சீனியம்மாள். வாய் ஒரு பக்கம் இழுத்திருந்தது, வலக்கை அசையவில்லை. கண்கள் மட்டும் நான் உள்ளே நுழைந்ததிலிருந்து பெட்டியைப் பிரிக்கும் வரை என்னை விட்டு நகரவில்லை.

"பேச்சு வராதுக்கா" என்றாள் மருமகள் மாரீஸ்வரி. வாசலில் உட்கார்ந்து வெடிக்குக் காகிதக் குழாய் சுருட்டிக்கொண்டே என்னோடு பேசினாள். அவள் கை ஒரு நொடியும் நிற்கவில்லை. மகன் முருகேசன் சாயங்காலம் கம்பெனி வேனில் வந்து இறங்கினான். வெடிமருந்து செலுத்தும் வேலை. அலுமினியப் பவுடர் முழங்கைவரை ஏறி, ஆள் வெள்ளிக் குழாய்போல மின்னினான். குளித்தான். அதன் பிறகும் மின்னினான்.

மெத்தையை விரித்தோம். அவன் அம்மாவைத் தூக்கிப் புரட்டி வைத்தபோது புது மெத்தையின் ஓரத்தில் நான்கு வெள்ளி விரல் தடங்கள் பதிந்தன. சீனியம்மாளின் முதுகைப் பார்த்தேன். எழுதப்போவதில்லை. செல்வி ஏன் மெத்தைக்கு அவசரப்பட்டாள் என்று தெரிந்தது.

பிறகு பம்பை மாட்டப் போனேன். சிங்கப்பூர் பிளக்கில் மூன்று செவ்வக முனைகள். ஆமத்தூர்ச் சுவரில் மூன்று வட்ட ஓட்டைகள். கருவிப் பொறியாளர், ஆறு ஆண்டு அனுபவம், அடாப்டர் எடுத்துவரவில்லை. மாரீஸ்வரி விருந்தாளிக்கென்று வாங்கி வைத்திருந்த பரோட்டாப் பொட்டலத்தை என் முன்னால் வைத்தாள். மத்தியானம் விருதுநகரிலும் அதையே சாப்பிட்டிருந்தேன். அங்கே பரோட்டாவை எண்ணெயில் முக்கிப் பொரிக்கிறார்கள். மொறுமொறுவென்று நன்றாகத்தான் இருக்கிறது, முதல் முறை.

மறுநாள் முருகேசனுக்கு அரை நாள் வேலை. மத்தியானம் அவனுடைய பழைய மொபெட்டின் பின்னால் உட்கார்ந்து சிவகாசிக்குப் போனேன். பிளக் வாங்க ஐந்து நிமிடம். வண்டி நின்றுபோய்த் தள்ளியது ஒரு மணி நேரம். அச்சகங்கள் நிறைந்த ஒரு தெருவில், அடுத்த ஆண்டுக் காலண்டருக்கான முருகனும் லட்சுமியும் வெட்டப்படாத தாள்களாகக் காய்ந்துகொண்டிருந்தார்கள். ஒரே தாளில் எட்டு முருகன். அந்த நிழலில் வண்டியைச் சாய்த்துவிட்டு முருகேசன் சொன்னான்:

"ஒங்ககிட்ட மறைக்கக் கூடாதுங்க. வார ஞாயித்துக்கிழமை ஆத்தாவுக்கு ஊத்துறம். சொந்தக்காரகளுக்குச் சொல்லியாச்சு."

இன்னும் இரண்டு நாள்.

"செல்விக்குத் தெரியுமா?"

"தெரிஞ்சா விடுவாளா? முடிஞ்சப்பறம் சொல்லிக்கிடலாம்னு மாமா சொல்லிட்டாரு."

ஏன் இந்த ஞாயிறு என்று கேட்டேன். என் மூளை அப்படித்தான். ஏன் என்பதற்கு முன்னால் எப்போது என்பதைப் பிடித்துக்கொள்ளும். பதில் நேராக வந்தது. அடுத்த மாதத்திலிருந்து தீபாவளி ஆர்டர் சூடு பிடித்துவிடும். சீசனில் ஞாயிறும் வேலை. லீவு கேட்டால் ஃபோர்மேன் முகத்தில் அடித்த மாதிரி இல்லை என்பார். காரியம், பதினாறு எல்லாம் முடித்து வேலைக்குத் திரும்ப இதுதான் தோது.

நான் வாயைத் திறந்தேன். அவன் முந்திக்கொண்டான்.

"தப்புன்னு சொல்லுவீக. பேப்பர்ல அப்படித்தான் எளுதுறாக. காலையில வேன் ஏழு மணிக்கு வந்திருது. நான் போயிருறேன். மாரீஸ்வரியும் தீப்பெட்டி ஆபீசுக்கு வேலைக்குப் போயிருவா. நேத்து ஒங்களுக்காகத்தான் லீவு போட்டுட்டு வீட்டுல கொளாய் சுத்துனா. சாயங்காலம் வாற வரைக்கும் ஆத்தா அப்படியே கெடக்கும். மூத்திரத்துலயே. மெத்தை கொண்டாந்தீக, நல்லது. பொரட்டிப் போட ஆளு கொண்டாந்தீகளா?"

என் பட்டியலில் அது இல்லை.

எங்கள் மருத்துவமனையில் வென்டிலேட்டரைச் சரிபார்க்கப் போகும்போது, தீவிர சிகிச்சைப் பிரிவுக்கு வெளியே குடும்பங்கள் நிற்பதைப் பார்த்திருக்கிறேன். மகன்கள், மருமகள்கள், டாக்டர், சமூகப் பணியாளர், தண்ணீர் பாட்டில்கள். ஒரு மணி நேரம் பேசுவார்கள். எடுக்கலாமா, வேண்டாமா. கண்ணாடிக்கு அந்தப் பக்கம், நினைவோடு, விழித்துக்கொண்டு சிலர் படுத்திருப்பார்கள். அங்கே கூட்டம் குளிரூட்டிய நடைவழியில். இங்கே எட்டு முருகனுக்குக் கீழே. வேறு வித்தியாசம் எனக்கு உடனே தெரியவில்லை.

"உங்க அம்மாகிட்ட கேட்டீங்களா?" என்றேன்.

முருகேசன் என்னைப் பார்த்த பார்வையில் முதல் தடவையாகக் கோபம் இருந்தது. "அதெப்படிங்க கேக்க முடியும்? பெத்தவகிட்டப் போயி, சாகுறியா ஆத்தான்னா? அது பாவமில்லையா?"

தாய்மாமனிடம் கேட்க வேண்டும். பங்காளிகளிடம் கேட்க வேண்டும். தூரத்துச் சம்பந்தி வீட்டில்கூடச் சொல்லி ஒப்புதல் வாங்க வேண்டும், இல்லாவிட்டால் பிறகு பேச்சு வரும். படுத்திருப்பவரிடம் மட்டும் கேட்கக் கூடாது. அதுதான் மரியாதை. கொலை என்று கத்தும் கட்சி, விடுதலை என்று வாதிடும் கட்சி இரண்டுமே பேருந்தில் எனக்குக் கிடைத்தன. இப்படி ஒரு மரியாதை இருப்பதை யாரும் சொல்லவில்லை.

அன்று சாயங்காலமே செல்வியிடம் போனில் சொல்லிவிட்டேன். முருகேசனிடம், சொல்லப்போகிறேன் என்று சொல்லிவிட்டுத்தான் சொன்னேன். அவள் அழுதாள், அண்ணனைத் திட்டினாள், போலீசுக்குப் போகச் சொன்னாள், வேண்டாம் என்றாள், மறுபடி போகச் சொன்னாள். முருகேசன் போனை வாங்கி, "நீ வந்து ஒரு வாரம் பாரு, அப்பறம் பேசு" என்றான். இருவர் சொன்னதும் சரியாக இருந்ததால் போன் கொதித்தது. பிளக்கை மாற்றி மெத்தையை ஓட விட்டேன். கால் மணி நேரம் ஊதியது. கரண்ட் போய்விட்டது.

சனிக்கிழமை சொந்தக்காரர்கள் வரத் தொடங்கினார்கள். முதலில் சாத்தூர் மாமா, சீனியம்மாளின் அண்ணன். ஒரு கையில் காராச்சேவுப் பொட்டலம், மறு கையில் இளநீர்க் குலை. குலையைக் கட்டிலுக்கு எதிரே, டிவிக்குக் கீழே வைத்தார். வேறு இடமில்லை. இருக்கன்குடிக் கோயிலுக்குப் போய்விட்டு வழியில் இறங்கிய ஒரு குடும்பம் நெற்றி நிறைய மஞ்சளும் குங்குமமுமாக வந்தது. பொன்னுத்தாய் தீப்பெட்டி ஒட்டும் தட்டோடு வந்து மூலையில் உட்கார்ந்தார். எனக்குப் பரோட்டா வந்தது.

போலீசுக்குப் போவது என்று காலையிலேயே முடிவு செய்து, சாயங்காலம் வரை போகாமல் இருந்தேன். போனால் முருகேசன் உள்ளே போவான். சீனியம்மாள் அதே கட்டிலில் இன்னும் தனியாகக் கிடப்பார். போகாவிட்டாலோ விடிந்தால் எண்ணெய். ராத்திரி ஒன்பது மணிக்குள் ஒன்றும் மாறாவிட்டால் போய்விடுவது என்று எனக்கு நானே கெடு வைத்துக்கொண்டேன்.

கரண்ட் வந்தது. யாரோ டிவியைப் போட்டார்கள். நம்பினால் நம்புங்கள், ஒரு விவாத நிகழ்ச்சி. தலைப்பு கருணைக் கொலை. இந்தப் பக்கம் இருபது பேர், அந்தப் பக்கம் இருபது பேர், நடுவில் கோட்டுப் போட்ட ஒருவர். வாழ்வதற்கு உரிமை இருந்தால் சாவதற்கும் உண்டு என்றது ஒரு பக்கம், கைதட்டல். உயிரைக் கொடுத்தவன் எடுக்கட்டும் என்றது மறு பக்கம். அதைவிடப் பெரிய கைதட்டல்.

வீடும் இரண்டாகப் பிரிந்தது.

"டிவியில அந்தம்மா சொல்றது நியாயம்தாம்பா" என்றார் மாமா, காராச்சேவைக் கொறித்துக்கொண்டு. "கெடந்து சீரளியிறதுக்கு இது தேவல."

"டாக்டரு கையெளுத்து வேணும்ங்கிறானே?" என்றார் இருக்கன்குடிக்காரர்.

"நமக்கெதுக்கு டாக்டரு? நாம என்ன புதுசாவா செய்யிறம்?"

இவ்வளவும் கட்டிலிலிருந்து கை நீட்டினால் எட்டும் தூரத்தில். அப்போது டக் டக் என்று ஒரு சத்தம். சீனியம்மாள் இடக்கையால் கட்டில் சட்டத்தைத் தட்டிக்கொண்டிருந்தார். யாரும் திரும்பவில்லை. சத்தத்தில் டிவி கேட்கவில்லை என்று மாமா டிவியின் ஒலியைக் கூட்டினார்.

எனக்குப் பொறுமை போனது அங்கேதான். எழுந்து போய் டிவியை மறைத்துக்கொண்டு நின்றேன். "அவங்க என்னவோ சொல்றாங்க" என்றேன்.

"பேச்சு வராதுக்கா" என்றாள் மாரீஸ்வரி மறுபடியும்.

கட்டிலருகே உட்கார்ந்து, வாய்க்குப் பக்கத்தில் காதை வைத்துக் காத்திருந்தேன். பேச்சு வந்தது. மெதுவாக வந்தது, அவ்வளவுதான். ஒரு வார்த்தைக்கும் அடுத்ததுக்கும் நடுவில் ஒருவர் தேநீர் குடித்து முடித்துவிடலாம். காலை ஏழு மணி வேனைப் பிடிக்கும் வீட்டில் அவ்வளவு நேரம் யாரிடம் இருக்கும்?

"எட்டு... மணி... நாடகம்."

சேனலை மாற்றச் சொல்கிறார் என்று சொன்னேன். முருகேசன் மாற்றினான். நாடகம் தொடங்கியது. ஒரு பெரிய வீடு, ஒரு மருமகள், சொத்துப் பத்திரத்தைத் திருடி வைத்திருக்கும் ஒரு நாத்தனார். சாவு உரிமைக்காகக் கொதித்துக்கொண்டிருந்த கூட்டம் அடங்கி உட்கார்ந்து பார்த்தது. பொன்னுத்தாய் தட்டைத் தள்ளி வைத்துவிட்டுக் கட்டில் பக்கம் நகர்ந்தார். "சனியன், இன்னைக்காவது மாட்டுறாளா பாப்பம்" என்றார்.

விளம்பரம் வந்தது. நான் முருகேசனைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்தான். சரி, வெளியூர்க்காரி, எனக்கு எந்தப் பாவம் ஒட்டினாலும் திரும்பிப் போய்விடுவேன்.

"அம்மா, நாளைக்கு இங்க என்ன செய்யப்போறாங்கன்னு உங்களுக்குத் தெரியுமா?"

"ஏம்மா! என்ன கேள்வி கேக்கிற?" என்று மாமா எழுந்தார்.

சீனியம்மாள் இளநீர்க் குலையைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார், இது தெரியாமலா என்பதுபோல. "தெரியும்."

"உங்களுக்குச் சம்மதமா?"

அறையில் சோப்பு விளம்பரம் மட்டும் பாடிக்கொண்டிருந்தது. நாங்கள் காத்திருந்தோம். மாமாகூடக் காத்திருந்தார்.

"நாடகம்... முடியட்டும்."

முருகேசன் கட்டிலருகே மண்டியிட்டான். நான் அந்த வீட்டில் இருந்த நாட்களில் அவன் அம்மாவிடம் பேசி அதுவரை நான் கேட்டதில்லை. "இன்னைக்கு உள்ளதா ஆத்தா? முடிஞ்சிரும், இன்னும் செத்த நேரந்தான்."

அவர் இடக்கையால் அவன் தலையில் தட்டினார். மெதுவாகத்தான், ஆனால் தட்டுத்தான்.

"ஏலே... முளுசும்லே."

முதலில் சிரித்தவள் மாரீஸ்வரி. சிரித்துக்கொண்டே முந்தானையை வாயில் வைத்து அழுதாள். "அது எங்க முடியப் போவுது? நாலு வருசமா ஓடுதே!" என்றார் மாமா.

"ஓடட்டும்" என்றார் சீனியம்மாள். விளம்பரம் முடிந்ததால் அதற்கு மேல் யாரையும் பேச விடவில்லை.

ஞாயிறு காலை எல்லோரும் இளநீர் குடித்தோம். வெயிலுக்கு இதமாக இருந்தது. ஒரு நாள் வீணாய்ப்போன எரிச்சலில் மாமா யாரிடமும் பேசாமல் சாத்தூர் பஸ் ஏறினார். காராச்சேவை மட்டும் விட்டுப்போனார். முருகேசன் கேட்ட கேள்வி அப்படியே இருந்தது: புரட்டிப் போட ஆள் யார்? அதற்குப் பதில் பொன்னுத்தாயிடமிருந்து வந்தது. "எங்க வீட்டு டிவி இடி விளுந்து போச்சு. தட்டை இங்கன போட்டு ஒட்டுறேன். அப்பப்பப் பொரட்டி விட்டாப் போச்சு. ஒட்டுற கைதானே." தலைக்கு ஊற்றினால் முடிந்தது என்று பேருந்தில் சொன்னவர் இவர்தான் என்பதை நினைவுபடுத்தலாமா என்று யோசித்தேன். வேலை நடக்க வேண்டியிருந்ததால் விட்டுவிட்டேன். பகலெல்லாம் எப்படித் தூக்க வேண்டும், எந்தக் குழாய் எங்கே என்று அவருக்குச் சொல்லிக்கொடுத்தேன். மூன்றாவது வேலையும் முடிந்தது.

முருகேசன் எங்கிருந்தோ ஒரு பழைய லாரி பேட்டரியும் இன்வெர்ட்டரும் கொண்டுவந்தான். கரண்ட் போனால் அதிலிருந்து பம்பு ஓடும். எட்டு மணிக்குக் கரண்ட் போனால் பம்பைக் கழற்றிவிட்டு டிவியை மாட்டவேண்டும் என்று சீனியம்மாள் உத்தரவு. மருத்துவ முறைப்படி தவறு. எப்படி மாற்றி மாட்டுவது என்று காட்டிக்கொடுத்தேன்.

போன மாதம், மருத்துவமனைக் கேன்டீனில் செல்வி என் முன்னால் வந்து உட்கார்ந்தாள். தட்டைத் தொடவில்லை. "நாடகம் முடிஞ்சு போச்சு" என்றாள்.

சனிக்கிழமை கடைசி எபிசோடாம். நாத்தனார் திருந்திக் காலில் விழுந்தாளாம். முருகேசன் ராத்திரி முழுக்கத் தூங்காமல் இருந்துவிட்டு, தானே கட்டிலருகே உட்கார்ந்து அம்மாவிடம் கேட்டிருக்கிறான். தானே கேட்டிருக்கிறான், அதை நான் செல்வியிடம் இரண்டு முறை உறுதி செய்துகொண்டேன். அம்மா ரொம்ப நேரம் எடுத்துக்கொண்டு சொன்ன பதில்: "இம்புட்டு நாளு இழுத்துட்டு... இப்படியாலே முடிப்பான்?" பிறகு, திங்கட்கிழமை அந்த நேரத்தில் என்ன போடுகிறான் என்று விசாரித்தாராம்.

"இதுக்கு வேணும்னு அர்த்தமா, வேண்டாம்னு அர்த்தமா?" என்றாள் செல்வி. "அண்ணன் என்னைக் கேக்கிறான். சாத்தூர் மாமா வேண்டாம்னுதான் அர்த்தம்ங்கிறாராம். பொன்னுத்தாய் அத்தை, அதெல்லாம் ஒரு அர்த்தமும் இல்ல, கெளவிக்கு நாடகம் பிடிக்கலன்னு சொல்றாங்களாம். தெருவே ரெண்டா நிக்குதாம். நீ என்ன நினைக்கிற?"

நான் என்ன நினைக்கிறேன். கடல் தாண்டி, கேன்டீனில், நூடுல்ஸ் ஆறிக்கொண்டிருக்க, நானும் ஒரு பக்கம் உட்கார்ந்து கைதட்ட வேண்டுமாம்.

"அவங்ககிட்டயே திரும்பக் கேக்கச் சொல்லு" என்றேன். "விளம்பரம் போடும்போது. நாடகத்துக்கு நடுவில கேட்டா பதில் வராது."